கொடி தைப்பதற்கு முன்னால் கேட்க வேண்டிய கேள்வி

ஹங்கேரிக்காரர்கள் தங்கள் நாட்டை என்ன பெயர் சொல்லி அழைப்பார்கள், சொல்லுங்கள் பார்ப்போம். போனைத் தொடக்கூடாது! தெரியாதா? மாஜரோர்ஸாக். பின்லாந்துக்காரர்களுக்குத் தங்கள் நாடு ஸுவோமி. கிரேக்கர்களுக்கு எல்லாதா. நாம் ஜப்பான் என்கிறோம், அங்கே பிறந்தவர்கள் நிப்போன் என்கிறார்கள். இதை ஆரம்பித்துவிட்டால் எனக்கு இன்றைக்கும் வாய் ஓயாது. வீட்டில் என் மகள் காதைப் பொத்திக்கொள்வாள். நீங்கள் பொத்திக்கொள்ள முடியாது, ஏனென்றால் நீங்கள் சேர்ந்திருப்பது நான் ஓய்வு பெற்ற அதே வேலையில்.

டிக்கோயா பக்கத்தில் ஒரு தேயிலை ஸ்டோர். தொழிற்சாலையை நாங்கள் ஸ்டோர் என்றுதான் சொல்வோம். அதைச் சுற்றிப் பார்க்க வருகிற வெளிநாட்டுக்காரர்களுக்கு வழிகாட்டியாக இருந்து, பல் விழும் வயதுவரை பேசிச் சம்பாதித்தவள் நான். கொழுந்து எப்படி வாடுகிறது, எப்படி அரைபடுகிறது என்பதையெல்லாம் உங்களுக்கு அங்கேயே சொல்லிக்கொடுத்துவிடுவார்கள். அதில் எனக்கு வேலை இல்லை. மற்றவர்கள் உலகத்தைப் பார்க்க விமானம் ஏறுகிறார்கள், நமக்கோ உலகமே பஸ் பிடித்து மலை ஏறி வாசலுக்கு வருகிறது. அப்படி வரும்போது அதன் முகத்தைப் பார்த்து என்ன பேசுவது? நான் சொல்ல வந்தது அதைத்தான்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் உங்களைப் போலத் தலைநகரங்களை மனப்பாடம் செய்தவள்தான். மங்கோலியா என்றால் உலான் பாட்டர், பெரு என்றால் லிமா. விருந்தாளி வாயைத் திறப்பதற்குள் அவர் நாட்டுத் தலைநகரத்தை நானே சொல்லிவிடுவேன். அவரும் சிரித்துத் தலையாட்டுவார். அதோடு பேச்சு செத்துப்போகும். தன் நாட்டின் தலைநகரம் எது என்று அவருக்குத் தெரியாதா என்ன?

இதை எனக்கு எடுத்துச் சொன்னவர் ஹட்டன் பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் குடையும் ரெயின்கோட்டும் விற்ற ஒரு நானா. முஸ்லிம் அண்ணன்மாரை நாங்கள் அப்படித்தான் கூப்பிடுவோம். பெயரை எழுதினால் அவருக்குப் பிடிக்காது. மழைக்கு அவர் கடையில் ஒதுங்கி நின்று பஸ் பார்ப்பேன். தபால் முத்திரை சேர்க்கிற கிறுக்கு அவருக்கு. ஒருநாள் கல்லாவுக்குப் பின்னாலிருந்து ஆல்பத்தை எடுத்து விரித்துவிட்டு, “தங்கச்சி, முத்திரையில எந்த நாடும் அடுத்தவன் வச்ச பேர மட்டும் போட்டுக்கிறதில்ல, பாத்தீங்களா? சொந்தப் பேரத்தான் போடுறான்” என்றார். பார்த்தேன், ஆமாம்! மாஜர், ஸுவோமி, நிப்போன். சுவிட்சர்லாந்தில் நாலு மொழி, எந்த மொழிக்காரனுக்கும் மனத்தாங்கல் வரக்கூடாது என்று பழைய லத்தீன் பெயரான ஹெல்வெத்தியாவைப் போட்டிருந்தார்கள். அன்றைக்கு நான் ஒரு பஸ்ஸை விட்டுவிட்டேன், அடுத்த பஸ்ஸையும் விட்டுவிட்டேன்.

அந்த ஆல்பத்தில் ஒரு முத்திரை எங்கள் இருவரையும் படாத பாடு படுத்தியது. ஒரு பக்கம் ஆங்கிலத்தில் ஜோர்ஜியா என்று இருந்தது. கருங்கடல் கரையில், ரஷ்யாவுக்கும் துருக்கிக்கும் நடுவில் இருக்கிற நாடு. இன்னொரு பக்கம் ஜிலேபி சுற்றியது மாதிரி ஒரு எழுத்து. நம் எழுத்துக்கு ஒன்றுவிட்ட சொந்தம் போல இருந்ததே தவிர, ஒரு எழுத்தையும் படிக்க முடியவில்லை. கடைசியில் போனில் படம் பிடித்துத் தேடி, சகார்த்வெலோ என்று நான் உரக்க வாசித்தபோது, நானா கடையில் நின்ற ஆட்களை எல்லாம் கூப்பிட்டு அந்தப் பெயரைச் சொல்லிக் காட்டினார். குடை வாங்க வந்தவர்கள் எங்களுக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது என்று நினைத்திருப்பார்கள். நினைத்தால் நினைக்கட்டும்! வணக்கம் சொல்ல அவர்கள் கமர்ஜோபா என்பார்கள் என்பதையும் அன்றைக்கே பிடித்து வைத்துக்கொண்டேன்.

இனி ராஜேஸ்வரி கதைக்கு வருகிறேன். விருந்தாளிகளுக்குத் தேநீர் ஊற்றிக் கொடுக்கிற மேசைக்கு அவள்தான் பொறுப்பு. கொழுந்தெடுக்கிற மலையில் மழை நாளில் சறுக்கி விழுந்து இடுப்பு போனது. அதற்குப் பிறகு பாரம் தூக்க முடியாது, சரிவில் நிற்க முடியாது. நான் மன்றாடித்தான் இந்த மேசை வேலையை வாங்கிக் கொடுத்திருந்தேன். இது போனால் தோட்டத்தில் அவளுக்கு வேறு வேலை கிடையாது. புருஷன் கொழும்புக்குப் போனவன் போனவன்தான். லயத்து வரிசை வீட்டில் பள்ளிக்கூடம் போகிற இரண்டு பிள்ளைகளும் அவளும் மட்டும்.

அவள் கை ஊசி பிடித்தால் ஒரு தனி அழகு. எந்த நாட்டுக்காரர் வருகிறார்களோ அந்த நாட்டுக் கொடியைச் சின்னதாகத் துணியில் தைத்து, தேநீர்த் தட்டு ஒவ்வொன்றிலும் வைப்பாள். யாரும் சொல்லி அவள் செய்ததில்லை. விருந்தாளிகள் அந்தக் கொடியைச் சட்டைப் பையில் போட்டு ஊருக்கு எடுத்துப்போவார்கள். அதில் அவளுக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

ஒருமுறை கொழும்புச் சுற்றுலா நிறுவனத்திலிருந்து தகவல் வந்தது. ரஷ்ய மொழி பேசுகிற குழு வருகிறது, அது திருப்தியாகப் போனால் சீசன் முழுக்க எங்கள் ஸ்டோருக்கே ஆட்களை அனுப்புவார்கள் என்று. துரை, அதாவது எங்கள் தோட்டத்து மானேஜர், தரையில் நிற்கவில்லை. ராஜேஸ்வரி ராத்திரி பகலாக உட்கார்ந்து வெள்ளை, நீலம், சிவப்பு என்று ரஷ்யக் கொடிகளைத் தைத்தாள். வாசலில் தொங்கவிடப் பெரிதாக ஒன்று. விருந்தாளிகளுக்குப் போடுகிற மாலைகளின் முனையிலும் குட்டிக் குட்டியாகக் கொடிகள். எங்கள் பக்கத்தில் ரஷ்ய மொழி பேசினால் அவன் ரஷ்யாக்காரன், அதற்கு மேல் யாரும் கேட்பதில்லை. நான் அப்போது மகளின் பிரசவத்துக்காக நுவரெலியா போய்விட்டு, குழு வருகிற அன்று காலையில்தான் திரும்பியிருந்தேன்.

பஸ் வந்து நின்றது. ஆட்கள் சிரித்துக்கொண்டே இறங்கினார்கள். முன்னால் வந்த தாடிக்கார இளைஞன் தலையை நிமிர்த்தி வாசலில் தொங்கிய கொடியைப் பார்த்தான். முகம் கல்லாகிவிட்டது. தன் ஆட்களிடம் என்னவோ சொன்னான். ஒருவர் பின் ஒருவராக எல்லாரும் திரும்பி பஸ்ஸில் ஏறிவிட்டார்கள். மாலைத் தட்டோடு நின்ற ராஜேஸ்வரிக்கு என்ன நடக்கிறது என்றே விளங்கவில்லை.

ரஷ்ய மொழி தெரிந்த சுற்றுலா வழிகாட்டி கசுன், கண்டிப் பையன், என்னிடம் ஓடி வந்தான். “அக்கே, லொகு வெரத்தக்!” என்றான் சிங்களத்தில். பெரிய தப்பாகிவிட்டதாம். “இவங்க ரஷ்யாக்காரங்க இல்ல. பெரியவங்களுக்கு இங்கிலீஷ் வராது, ரஷ்ய மொழி வரும். அதுக்காகத்தான் என்னைய போட்டாங்க.”

தாடிக்காரனின் தொப்பியை நான் அதற்குள் பார்த்துவிட்டேன். வெள்ளைத் துணியில் ஒரு பெரிய சிவப்புச் சிலுவை, அதன் நாலு மூலையிலும் நாலு குட்டிச் சிலுவைகள். ஜோர்ஜியா முத்திரையைப் போனில் தேடிய அன்றே அந்தக் கொடியைப் பார்த்திருந்தேன். சகார்த்வெலோ! ரஷ்யாவின் ஆட்சியில் காலம் காலமாக இருந்து பிரிந்த நாடு. பிரிந்த பிறகும் அந்த இரண்டு நாட்டுக்கும் போர் நடந்திருக்கிறது. அந்த மனிதர்களுக்கு நாங்கள் ரஷ்யக் கொடி போட்ட மாலையைப் போடப் பார்த்திருக்கிறோம்.

போன் அடித்தது, துரை. கசுன் நிறுவனத்துக்குச் சொல்ல, நிறுவனம் அவருக்குச் சொல்லியிருக்கிறது. “அந்தக் கொடிய தைச்சது யாரு? ராஜேஸ்வரியா? இன்னியோட அவள வீட்டுக்கு அனுப்பிடுங்க. நான் இப்ப வாறேன்.”

போன் சத்தம் அவளுக்கும் கேட்டுவிட்டது. “அக்கா, நான் வேணும்னா செஞ்சேன்? ரஷ்யான்னுதானே சொன்னாங்க!” என்று அழுதுகொண்டே தட்டிலிருந்த கொடிகளை அள்ளிக் குப்பைக்கூடையில் போடப் போனாள்.

“போடாத! அதுவும் ஒரு நாட்டுக் கொடிதான். அடுத்த வாரம் அவங்களும் வருவாங்க. மடிச்சு உள்ள வையி” என்றேன்.

இந்த இடத்தில் கொஞ்சம் நின்று யோசியுங்கள். பஸ் டிரைவர் என்ஜினை உயிர்ப்பித்துவிட்டார். நீங்களாக இருந்தால் என்ன செய்வீர்கள்? கசுன், மைக்கில் மன்னிப்புக் கேட்கலாம் என்றான். ஸ்டோர் கிளார்க், தைத்தவளைக் கூட்டிப்போய் முன்னால் நிறுத்தலாம் என்றான். எனக்கு வந்த கோபத்தில் அவனை அடித்திருப்பேன். அழுகிற பெண்ணைக் காட்டி விருந்தாளியின் மனதை மாற்றுவதா? மன்னிப்பு மட்டும் போதாது என்றும் எனக்குத் தெரிந்தது. மன்னித்துவிட்டோம் என்று சொல்லிவிட்டு அவர்கள் போய்க்கொண்டே இருப்பார்கள். அவர்களுக்கு வலித்த இடம் எது? உன் நாடு இது இல்லை, அடுத்தவன் நாடு என்று வாசலிலேயே நாங்கள் சொன்னதுதான். அந்த வலி எனக்குப் புதிதா? அது புரிந்ததும் என் கால் தானாகப் பஸ் படியில் ஏறிவிட்டது.

“கமர்ஜோபா!” என்றேன், என்னால் முடிந்த சத்தத்தில். “சகார்த்வெலோவிலிருந்து வந்தவர்களுக்கு வணக்கம்.”

தாடிக்காரன் என்னை நிமிர்ந்து பார்த்தான். அவன் பெயர் லெவான் என்று பிறகு தெரிந்தது. அவனுக்கு ஆங்கிலம் நன்றாக வந்தது. “நான் சொல்வதை உங்கள் பெரியவர்களுக்கு உங்கள் மொழியில் சொல்லுங்கள்” என்று கேட்டுக்கொண்டேன். வேண்டா வெறுப்பாகத் தலையாட்டினான்.

நான் சொன்னேன்: “எங்கள் முன்னோரைத் தேயிலை வேலைக்கு இந்தியாவிலிருந்து கொண்டுவந்தார்கள். இந்த மலையில்தான் நானும் என் அப்பாவும் பிறந்தோம். ஆனால் கொழும்புக்குப் போனால், எப்போது இந்தியாவுக்குத் திரும்பிப் போவீர்கள் என்று கேட்பார்கள். ஒரு கலியாணத்துக்குத் திருச்சி போனேன், அங்கே சொந்தக்காரர்களே என்னைச் சிலோன்காரி என்றார்கள். இந்த நாடு சுதந்திரமான கையோடு என் தாத்தாவின் குடியுரிமை பறிபோனது. பிறகு இந்திய, இலங்கை அரசாங்கங்கள் இரண்டும் உட்கார்ந்து பேசி எங்களைப் பங்கு பிரித்தன. அடுத்த நாட்டுப் பெயரால் கூப்பிடப்படுவது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் எங்கள் வாசலில் உங்களுக்கு அது நடந்துவிட்டது. எனக்கு ரொம்ப வேதனையாக இருக்கிறது.”

லெவான் பாதி சொல்லும்போதே அவன் குரல் மாறிவிட்டது. பின் சீட்டிலிருந்து ஒரு அம்மாள் எழுந்தார். கழுத்தில் பூப்போட்ட ஸ்கார்ஃப், சிவந்த கன்னம். அவனுடைய அம்மா எத்தேரி. சீட்டுகளுக்கு நடுவே வந்து என் கையைப் பிடித்து அவர் மொழியில் என்னவோ கேட்டார். என் கதைக்கு ஆறுதல் சொல்கிறார் என்று நினைத்தேன். லெவான் மொழிபெயர்த்தான்: “வெளியே தெரிவது தேயிலைதானே, கிட்டப் போய்ப் பார்க்கலாமா என்று கேட்கிறார்.”

இறங்கினார். ஸ்டோரைத் திரும்பியும் பார்க்கவில்லை. நேராகப் பெண்கள் கொழுந்தெடுத்துக்கொண்டிருந்த சரிவுக்குப் போய், செடிக்குள் இரண்டு கையையும் விட்டார். விட்ட கை தெரியவில்லை! பட பட படவென்று இரண்டு இலையும் மொட்டுமாக விரலுக்குள் நிறைந்து வந்தது. கூடையோடு நின்ற பெண்கள் வாய் பிளந்தார்கள்.

“ஆத்தாடி! இந்தம்மா நம்மளவிட வேகமா எடுக்குறாங்களே!”

“எந்தத் தோட்டத்து ஆளுன்னு கேளுங்கக்கா!”

கேட்டேன். கருங்கடல் பக்கம் கூரியா என்கிற பகுதி. ஒரு காலத்தில் ஊரைச் சுற்றித் தேயிலை மலைதான். சோவியத் நாடு முழுக்க அவர்கள் தேயிலையைக் குடித்தது. எத்தேரி சின்ன வயதில் வருஷக்கணக்காகக் கொழுந்தெடுத்தவர். நாடு பிரிந்தது, வாங்க ஆள் இல்லை, கிளை வெட்டிக் கவ்வாத்து செய்ய ஆளில்லாமல் செடிகள் காடாகிப்போயின. அதற்குப் பிறகு தேயிலைச் செடியில் கை வைத்தது இன்றைக்குத்தான் என்றார். எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது! தேயிலை விளைகிற நாடுகள் என்று சீனா, இந்தியா, கென்யா, துருக்கி என ஒப்பித்துக்கொண்டிருந்தேனே, அந்த வரிசையில் ஜோர்ஜியா வந்ததே இல்லை. நானும் நானாவும் அதன் பெயரைக் கொண்டாடினோம், அங்கே நம் செடி வளர்கிறது என்று தெரியாமல் போய்விட்டது.

மற்றவர்களும் ஒவ்வொருவராக இறங்கிவிட்டார்கள். கடைசியாக லெவான். ரஷ்யாவோடு நடந்த போரில் அவனுடைய சிநேகிதன் ஒருவன் செத்துப்போனதாக என்னிடம் மட்டும் மெதுவாகச் சொன்னான். அவன் தோளைத் தொட்டேன்.

மேசைக்கு வந்தார்கள். தட்டுகள் வெறுமையாக இருந்தன. எத்தேரி, அந்தக் கொடியைத் தைத்தது யார் என்று கேட்டார். ராஜேஸ்வரி தண்ணீர் கொதிக்கிற கேத்தலுக்குப் பின்னால் ஒளிந்து நின்றாள். நான் காட்டிக்கொடுக்கவில்லை. அவளே முன்னால் வந்தாள்.

“நான்தாங்க தைச்சேன். தெரியாம தைச்சிட்டேன். மன்னிச்சிருங்க.”

எத்தேரி அவள் விரல்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கொழுந்துக் கறையும் காய்ப்பும் இன்னும் போகாத விரல்கள். தன் விரல்களை அதன் பக்கத்தில் வைத்துக் காட்டினார். பிறகு கேட்டார்: “எங்களுடையதைத் தைப்பாயா?”

வெள்ளைத் துணி மிச்சம் இருந்தது, சிவப்புத் துணியும் மிச்சம் இருந்தது. ராஜேஸ்வரி கண்ணைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். லெவான் தன் தொப்பியைக் கழற்றி அவள் முன்னால் மாதிரிக்கு வைத்தான். கூட்டமே அவளைச் சூழ்ந்துகொண்டது. பெரிய சிலுவை முடிந்து, குட்டிச் சிலுவைக்குத் துணி வெட்டும்போது துரையின் ஜீப் வந்து நின்றது. உள்ளே பாய்ந்து வந்தவர், வெள்ளைத் துணியில் ஒற்றைச் சிவப்புச் சிலுவையைப் பார்த்துத் தலையில் கை வைத்துவிட்டார்.

“ஐயோ, இப்ப இங்கிலாந்துக் கொடியா? நீங்களுமா சேர்ந்து இந்தக் கூத்து?” என்று என்னிடம் கத்தினார்.

“இன்னும் நாலு வரணும் சார்! பொறுங்க!” என்று ராஜேஸ்வரி நிமிராமலே அதட்டினாள். துரையை யாரும் அப்படி அதட்டி நான் பார்த்ததில்லை. லெவான் சிரித்துவிட்டான். துரையிடம் போய், “நாங்கள் திரும்பிப் போகாமல் இருப்பது இந்தப் பெண்களால்தான்” என்று ஆங்கிலத்தில் தெளிவாகச் சொன்னான். துரை நெற்றியைத் தேய்த்தார். தனக்கும் ஒரு தேநீர் கேட்டு வாங்கிக்கொண்டு, நாலாவது சிலுவை முடியும்வரை நின்று பார்த்தார். பிறகு, “நாளைக்கும் நேரத்துக்கு வந்துரு” என்று அவளிடம் சொல்லிவிட்டு ஸ்டோருக்குள் போனார். அவ்வளவுதான் அவர் பேசியது. ராஜேஸ்வரி என் தோளில் சாய்ந்து ஒரு மூச்சு அழுதாள்.

புறப்படுகிற நேரம். எத்தேரி கொடியை நெஞ்சோடு மடித்து வைத்துக்கொண்டு ராஜேஸ்வரியிடம் கேட்டார், லெவான் ஆங்கிலத்தில் சொல்ல, நான் தமிழில் சொன்னேன்: “எங்கள் நாட்டின் சொந்தப் பெயர் உங்களுக்குத் தெரிந்திருக்கிறது. உங்கள் இடத்தை நீங்கள் என்ன சொல்லி அழைப்பீர்கள்?”

எத்தனை நாட்டு ஆட்களிடம் நான் பேசியிருப்பேன்! ஒருவர்கூட என்னிடம் இதைக் கேட்டதில்லை. நான் பதில் தேடுவதற்குள் ராஜேஸ்வரி சொல்லிவிட்டாள்.

“மலையகம்.”

எத்தேரி சொல்லிப் பார்த்தார். ‘ழ’ இல்லாத சொல், தப்பித்தார். பஸ் கிளம்பியது. எங்கள் பாதை உங்களுக்குத் தெரியும், வளைந்து வளைந்து அதே சரிவின் கீழேயே மறுபடி மறுபடி வரும். முதல் வளைவில் ஜன்னலுக்கு வெளியே ஒரு பூப்போட்ட ஸ்கார்ஃப் நீண்டது, குரல் மேலே வந்தது: “மலையகம்!”

சரிவிலிருந்த பெண்களுக்கு எங்கிருந்துதான் வந்ததோ, அடுத்த மலைக்குக் கூவுகிற அதே குரலில் ஒருசேரக் கூவினார்கள்: “சகார்த்வெலோ!”

அடுத்த வளைவு. இந்தமுறை பஸ் முழுக்கச் சேர்ந்து: “மலையகம்!”

ராஜேஸ்வரி இடுப்பு வலியை மறந்து சுவர்மேல் ஏறி நின்றுவிட்டாள். “அக்கா! எங்கேயோ பொறந்தவங்க நம்ம பேரச் சொல்லிக் கத்திக்கிட்டுப் போறாங்கக்கா!” என்று சிரிக்கவும் முடியாமல் அழவும் முடியாமல் நின்றாள். கடைசி வளைவும் தாண்டி பஸ் மறைந்த பிறகும் அவள் இறங்கவில்லை.

அந்த மேசையில் இப்போதும் அவள்தான் இருக்கிறாள். நாளைக்கு உங்கள் முதல் பஸ் வரும்போது, கொடிகள் எதையும் தைத்து வைத்திருக்க மாட்டாள். ஊசியில் நூல் மட்டும் கோத்துத் தயாராக இருக்கும். விருந்தாளியிடம் போய், அவர் தன் நாட்டை என்ன பெயர் சொல்லி அழைக்கிறார் என்று கேட்டு வந்து அவளிடம் சொல்வது உங்கள் வேலை.